வலம் சுற்றிய அணி

எங்கள் தெருவுக்கு வரும் கேஸ் வண்டிக்காரர் கூவுவதில்லை. கையிலிருக்கும் ஸ்பேனரால் காலி சிலிண்டரின் தோளில் ஒரு தட்டு. டொய்ங்ங். உள்ளே ஒன்றும் இல்லாதவற்றுக்கே வாய்க்கும் அந்த நீண்ட ரீங்காரம் மூன்றாவது மாடிவரை ஏறி வந்து என் சமையலறை ஜன்னலைத் தொடும்.

தொட்டதும் என் இடது கை தானாக விரிந்து மார்புக்கு நேரே வந்து நின்றுகொள்கிறது. முழங்கால் லேசாக மடங்குகிறது. ஐம்பதை எட்டிப் பார்க்கும் வயதில், வலது கையில் கரண்டியோடு, அடுப்பில் பருப்பு பொங்கிக்கொண்டிருக்கும்போது.

போன வாரம் கதவைத் திறந்தபோதும் கை அப்படியே இருந்திருக்கிறது.

“என்னக்கா, சிலிண்டர கேட்ச் புடிக்கப் போறீங்களா?” என்றார் வண்டிக்காரர்.

அலுமினிய மட்டையின் நடு வயிற்றில் சாஃப்ட்பால் பட்டால் இதே ஒலிதான் வரும். அதை அவருக்குச் சொல்லவில்லை. உங்களுக்குச் சொல்கிறேன். விடுதிக் கிணற்றில் விழுந்த ஹார்மோனியத்தைப் பற்றி இந்த வாரப் பத்தியில் எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். ஹார்மோனியம் கிணற்றிலேயே இருக்கட்டும். சிலிண்டர் முந்திக்கொண்டது.

வாசலில் நின்றவள்

ஒரு மாசி மாதத்து மதியம். பெரம்பலூருக்கும் அரியலூருக்கும் நடுவே, சாலையோரம் இருந்த எங்கள் கல்லூரி. ஆசிரியர் அறையில் நான் மட்டும். மேசைமேல் திருத்தாத விடைத்தாள்கள், அவற்றின்மேல் மூடாத சோற்று டப்பா.

வாசலில் கொளஞ்சி வந்து நின்றாள். கணுக்கால்வரை வெள்ளை. மைதானத்துக்குச் சுண்ணாம்புக் கோடு போட்டுவிட்டு நேராக வந்திருந்தாள்.

“ஏ கவிதை,” என்றாள். ஆளில்லாதபோது மட்டும் அந்தப் பெயர். ஆள் இருந்தால் ‘மேடம்’.

“உள்ள வாயேன்.”

“வேணாம், காலெல்லாம் சுண்ணாம்பு. எனக்கு ஒரு லெட்டர் வேணும்.”

“யாருக்கு?”

“வரதராஜன்பேட்டைப் பக்கம் சிஸ்டருங்க நடத்துற கேர்ள்ஸ் ஸ்கூல்ல கேம்ஸ் டீச்சர் கேக்குறாங்க. அதுக்கான படிப்பு இல்லாட்டியும் பரவால்லயாம். டீமை நடத்துன ஆளுதான்னு காலேஜ் ஹெட் கோச் எழுதிக் குடுத்தாப் போதுமாம். பங்குனி பொறக்கறதுக்குள்ள குடுக்கணும்.”

“அவ்வளவுதானே?”

“ஹெட் கோச் நீதானே,” என்றாள். சிரிக்கவில்லை.

அவளுக்கு அந்தக் கடிதம் ஏன் அவசரம் என்று எனக்குத் தெரியும். மைதானத்தில் புதுக் கட்டடம் வரப்போகிறது. கயிறு கட்டி அளந்துவிட்டுப் போய்விட்டார்கள். மைதானம் போனால் அதற்குக் கோடு போடும் அட்டெண்டர் எதற்கு? கொளஞ்சி உடற்கல்வித் துறையின் தற்காலிக அட்டெண்டர். நான் தமிழ்த் துறையின் தற்காலிக விரிவுரையாளர். அதற்கும் முன்னால் நாங்கள் இருவரும் அதே கல்லூரியில் ஒரே வகுப்பு, ஒரே அணி. அவள் பந்து வீசுவாள், நான் பிடிப்பேன்.

உடற்கல்வித் துறை வாசலில் ஒரு பலகை உண்டு. நீலத்தில் வெள்ளை எழுத்து. ‘சாஃப்ட்பால் (மகளிர்): தலைமைப் பயிற்சியாளர்கள்’. அதில் நான்கு பெயர்கள். நான்காவது என்னுடையது.

கொளஞ்சி கேட்ட கடிதத்தை அன்றே எழுதியிருக்கலாம். எழுதவும் செய்தேன். என்ன எழுதினேன் என்று சொல்வதற்குமுன் பலகையை மேலிருந்து கீழே ஒருமுறை படித்துவிடுவோம்.

சிமெண்ட் சாக்கும் சாமியும்

முதல் பெயர் தண்டபாணி சார்.

பெரம்பலூர் தனி மாவட்டமான புதிது. புது மாவட்டத்தில் எல்லாமே புதிதாக இருக்க வேண்டும் என்று எங்கள் நிர்வாகத்துக்கு ஓர் எண்ணம். மற்ற கல்லூரிகளில் இல்லாத விளையாட்டு ஒன்று வேண்டும் என்றார்கள். சாஃப்ட்பால் யாரிடமும் இல்லை. ஆகவே எங்களிடம் இருந்தது.

பேஸ்பால் கேள்விப்பட்டிருப்பீர்கள். அதன் தங்கை இது. சாத்துக்குடியைவிடப் பெரிய பந்து. கையைத் தாழ்த்தி, இடுப்புக்குக் கீழிருந்து வீச வேண்டும். அடித்தவள் மட்டையைப் போட்டுவிட்டு மூன்று முனைகளைத் தொட்டு, புறப்பட்ட இடத்துக்கே வந்து சேர்ந்தால் ஒரு ரன். இவ்வளவு தெரிந்தால் போதும். எங்களுக்கு இவ்வளவுகூடத் தெரியாது.

தண்டபாணி சார் பூப்பந்தாட்டக்காரர். நெற்றியில் எப்போதும் நாமம், சனிக்கிழமை தவறாமல் கல்லங்குறிச்சிப் பெருமாள். யாரோ அனுப்பிய ஒற்றை ஜெராக்ஸ் தாளைப் பார்த்து மைதானம் அமைத்தார். மண் நிரப்பிய சிமெண்ட் சாக்குகள்தாம் எங்கள் முனைகள். அரியலூர்க்காரர்களுக்குச் சிமெண்ட் சாக்குக்கா பஞ்சம்? குழி தோண்டும்போது சுருள் சுருளாகக் கல் நத்தைகள் வந்தன. முன்னொரு காலத்தில் இங்கே கடல் இருந்ததாம். கடல் போன இடத்தில் பெண்களைக் கூட்டி வந்து ஓடச் சொன்னார்கள் என்று அன்றே நோட்டில் எழுதிவைத்தேன். கவிதை என்ற நோய் அப்போதே கண்டிருந்தது.

ஜெராக்ஸ் தாளில் ஓடும் திசைக்கு அம்புக்குறி போட்டிருந்தது. அது நடுவிடத்தை இடது கைப்பக்கம் வைத்துச் சுற்றியது. தண்டபாணி சார் தாளை வெகுநேரம் பார்த்தார்.

“பிரிண்ட் பண்ணவன் பிளாக்கைத் திருப்பிப் போட்டுட்டான்,” என்றார். “எளவு வூட்லதான்மா இடமாச் சுத்துவாங்க. வெளாட்டுல எவனாவது சுத்துவானா? எல்லாரும் வலமா ஓடுங்க.”

ஓடினோம். ஒரு வருடம் முழுக்க வலமாக ஓடினோம். பக்தியோடு ஓடினோம்.

திருச்சியில் முதல் போட்டி. எதிரணி முதலில் மட்டை பிடித்தது. அவர்கள் அடித்தவுடன் எதிர்ப்பக்கம் ஓடினார்கள். எங்கள் பெண்கள் பந்தைப் பொறுக்கி, எங்கள் கணக்கில் முதலாவதான, யாருமே வராத மூன்றாவது முனைக்கு எறிந்துவிட்டு, இடுப்பில் கைவைத்துக் காத்திருந்தார்கள்.

“பதறாதீங்கம்மா, அவங்கதான் தப்பா ஓடறாங்க,” என்று வெளியிலிருந்து தண்டபாணி சார் குரல். “அம்பயர் பாத்துக்குவாரு!”

அம்பயர் எங்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

எங்கள் முறை வந்தது. முதல் ஆள் நான். கண்ணை மூடிக்கொண்டு சுழற்றினேன். டொய்ங்ங். வாழ்நாளில் எனக்கு வாய்த்த ஒரே நல்ல அடி. பந்து வேலிக்குப் போனது. நான் வலமாக, மூன்றாவது முனையை நோக்கி, தலைமுடி அவிழ ஓடினேன். எதிரணியே விலகி வழிவிட்டது, பைத்தியத்துக்கு விடுவதுபோல.

அப்போது ஒரே ஒரு குரல் கேட்டது. உட்கார்ந்த இடத்திலிருந்து கொளஞ்சி எழுந்து நின்று கத்தினாள்.

“ஏ கவிதை! அங்க எங்கடி போற? இந்தப் பக்கம் ஓடியா!”

அவர்கள் ஆடியதை ஓர் இன்னிங்ஸ் பார்த்ததிலேயே ஆட்டம் அவளுக்குப் பிடிபட்டுவிட்டது. எங்கள் பதினைந்து பேரில் அவளுக்கு மட்டும். அன்று மற்றவர்கள் சாப்பிடப் போனபோது அவள் போகவில்லை. தோற்ற கையோடு அடுத்த இரண்டு நாளும் ஜெயித்த அணியின் பின்னால் குத்தவைத்து, அவர்கள் கையைச் சுழற்றுவதையும் காலை வைப்பதையும் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

திரும்பும் பஸ்ஸில் தண்டபாணி சார் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பியிருந்தார். லால்குடி தாண்டியதும் ஒரு சமரசத்துக்கு வந்தார்.

“மேட்ச்ல அவங்க சொல்றாப்பல இடமாவே ஓடித் தொலைங்க. முடிஞ்சதும் மூணு சுத்து வலமா ஓடிடணும். அதக் கழிச்சாப்பல ஆயிடும்.”

அது வழக்கமாயிற்று. ஒவ்வொரு ஆட்டத்துக்குப் பிறகும் எங்கள் அணி மைதானத்தை மூன்று முறை வலம் வந்தது. மற்றக் கல்லூரிகள் அதை வெற்றி ஊர்வலம் என்று நினைத்தன. இருபது ரன்னில் தோற்றவர்கள் ஏன் ஊர்வலம் போகிறார்கள் என்றுதான் அவர்களுக்குக் கடைசிவரை விளங்கவில்லை.

உயரப்படி நில்

இரண்டாவது பெயர் மேஜர் சார். உண்மையில் அவர் மேஜரும் இல்லை, உடற்கல்வி ஆசிரியரும் இல்லை. வேதியியல் ஆசிரியர், என்.சி.சி. பார்த்தவர். தண்டபாணி சார் வேறு கல்லூரிக்குப் போனதும், விசில் வைத்திருக்கும் இன்னொருவர் என்ற தகுதியில் இவரைப் போட்டார்கள்.

அணிவகுப்பில் நிற்பதுபோல உயரப்படிதான் எதுவும். மட்டை பிடிக்கும் வரிசையும் அப்படியே. உயரமானவள் முதலில், குள்ளமானவள் கடைசியில். நான் அணியிலேயே உயரம். கொளஞ்சி என் தோளுக்குக் கீழே. அடிக்கத் தெரியாத நான் எல்லா ஆட்டத்திலும் முதலில் போய் முதலில் திரும்பினேன். அடிக்கத் தெரிந்த கொளஞ்சி ஒன்பதாவதாகக் காத்திருந்தாள். பல ஆட்டங்களில் மட்டையைத் தோளில் வைத்து அவள் எழுந்து நிற்கும்போது நாங்கள் வலம் வர ஆரம்பித்திருப்போம்.

“சார், நான் முன்னாடி போறேன் சார்,” என்று ஒருமுறை கேட்டாள்.

“வளந்துட்டு வா,” என்றார்.

அவர்மேல் எனக்குக் கோபமில்லை. பந்து வரும்போது விறைப்பாக நின்று, முகத்தில் வாங்கிக்கொண்டு, அசையாமல் இருந்த ஒரு பெண்ணைப் பாராட்டி அவர் கண்கலங்கியதை நான் பார்த்திருக்கிறேன். எதற்காகவோ ஒரு மனிதர் கண்கலங்கினால் அவரை வெறுப்பது கஷ்டம்.

வெளியே எடுத்துச் செல்லக் கூடாது

படிப்பு முடிந்தது. நான் எம்.ஏ. படிக்கத் திருச்சிக்குப் போனேன். கொளஞ்சி எங்கும் போகவில்லை. அப்பாவுக்குக் கால் விழுந்துவிட்டது, தம்பிகள் இருவர். பருத்தி எடுக்கப் போனாள், வெங்காயம் அறுக்கப் போனாள். பிறகு ஒருநாள் கல்லூரியில் அட்டெண்டர் வேலை என்று கேள்விப்பட்டு வந்து, கோடு போடும் சுண்ணாம்புச் சட்டியைத் தூக்கிக்கொண்டாள்.

நான் விரிவுரையாளராகத் திரும்பி வந்தபோது பலகையில் மூன்றாவது பெயர் ஏறியிருந்தது. நூலகர் ஐயா. முழு விதிப்புத்தகம் ஒன்று எப்படியோ கல்லூரிக்கு வந்து சேர்ந்ததாம். அதை முழுக்கப் படித்தவர் அவர் ஒருவரே என்பதால் முதல்வர் அவரையே நியமித்துவிட்டார். பந்தைத் தொட்டவரில்லை. தொடச் சொன்னபோது கைக்குட்டையால் பிடித்துப் பார்த்துவிட்டுக் கொடுத்துவிட்டார்.

புத்தகத்துக்குப் பழுப்பு அட்டை போட்டு, ‘வெளியே எடுத்துச் செல்லக் கூடாது’ என்று முத்திரை குத்தி வைத்திருந்தார். மைதானத்தில் சந்தேகம் வந்தால் பெண்கள் கையுறையோடு நூலகத்துக்கு ஓடி, கையெழுத்துப் போட்டு, உட்கார்ந்து படித்துவிட்டுத் திரும்பி ஓடுவார்கள். அந்தக் காலத்தில் எங்கள் பெண்களுக்கு ஓட்டம் நன்றாக வந்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

மற்றதெல்லாம் கொளஞ்சி. நியமனம் எதுவும் இல்லாமல், கோடு போட்ட கையோடு அவள் சொல்லிக்கொடுக்கத் தொடங்கியிருந்தாள். பழந்துணிக்குள் பருத்தி அடைத்துப் பந்து தைத்தாள். தண்ணீர்த் தொட்டிச் சுவரில் கரியால் கட்டம் வரைந்து, கட்டத்துக்குள் விழும்வரை வீசச் சொன்னாள்.

“கைய இராட்டினமாட்டம் சுத்தாத புள்ள. கை சுத்தறது சும்மா, இடுப்புதான் பந்து போடுது. இடுப்பப் பாரு!”

அணி ஜெயிக்கத் தொடங்கியது. நூலகர் ஐயா பெஞ்சில் உட்கார்ந்து ஸ்கோர் எழுதினார். அவர் நேர்மையானவர். யாராவது கைகுலுக்கினால், “நான் படிச்சது மட்டும்தாங்க, ஆட வைக்கறது அந்தம்மா,” என்று கொளஞ்சியைக் காட்டுவார். காட்டிய திசையில் எல்லோரும் பார்ப்பார்கள். அங்கே ஒரு அட்டெண்டர் பைகளை அடுக்கிக்கொண்டிருப்பாள். யாரையோ காட்டுகிறார் என்று திரும்பிக்கொள்வார்கள்.

இடையில் ஒரு வேடிக்கை. அரியலூரைத் தனி மாவட்டமாகப் பிரித்தார்கள். பிறகு சேர்த்தார்கள். பிறகு மறுபடி பிரித்தார்கள். ஒவ்வொரு தடவையும் கல்லூரியின் பெயர்ப்பலகையை அழித்து எழுத வேண்டியிருந்தது. பலகைகளுக்கு எழுத்து கொளஞ்சிதான். கோடு போட்ட கை, நேராக வரும். பயிற்சியாளர்கள் பலகையையும் அவளேதான் எழுதினாள்.

நான்காவது பெயர்

நூலகர் ஐயா ஓய்வு பெற்றுத் தன் ஊரான திருமழபாடிக்குப் போனார். முதல்வர் என்னைக் கூப்பிட்டார்.

“பொம்பளப் புள்ளைங்க டீம், கூட ஒரு லேடி ஸ்டாஃப் போனா நல்லது. நீங்களும் ஆடினவங்கதானேம்மா?”

“ஆடினேன் சார், ஆனா…”

“போயிட்டு வந்தாப் போதும். மத்தத எல்லாம் அவங்களே பாத்துக்குவாங்க.”

அந்த ‘அவங்க’ யார் என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. பதவி கிடைக்கும்போது இலக்கணச் சந்தேகம் கேட்பது நாகரிகமில்லை.

என் பெயரைப் பலகையில் எழுதிக்கொண்டிருந்த கொளஞ்சியின் அருகே போய் நின்றேன்.

“இது உன் பேராத்தான்டி இருக்கணும்,” என்றேன். மனதாரத்தான் சொன்னேன்.

“தள்ளி நில்லு, பெயிண்டு படும்,” என்றாள்.

நான்கு வருடங்கள். ஆட்டங்களின்போது பெஞ்சில் உட்கார்ந்து ஸ்கோர் தாளின் பின்பக்கம் கவிதை எழுதினேன். பல்கலைக்கழகத்துக்குப் போகும் படிவங்களில் ‘தலைமைப் பயிற்சியாளர்’ என்ற இடத்தில் கையெழுத்துப் போட்டேன். ஒருமுறை கோப்பை வாங்கினோம். புகைப்படத்தில் கோப்பை என் மடியில். கொளஞ்சி படத்தில் இல்லை. பஸ்ஸைப் பிடித்துவைக்கப் போயிருந்தாள். மறுநாள் பேப்பரில் என் பெயர் வந்தது. அதை அவள்தான் வெட்டி, அட்டையில் ஒட்டி, என் மேசையில் வைத்துவிட்டுப் போனாள்.

அதைக் கிழித்துப் போட்டேன் என்று எழுத ஆசை. பத்திரமாக வைத்திருந்தேன்.

காத்துக்கு யாருடி வேலை குடுப்பா?

இப்போது அந்த மாசி மதியத்துக்கு வருவோம்.

கடிதத்தை ஒரே மூச்சில் எழுதினேன். முழுப் பக்கம். ‘கொளஞ்சி எங்கள் மைதானத்தின் காற்று. கடல் விட்டுப்போன மண்ணின் நாடித்துடிப்பு. வெண்கோட்டில் விடியலை வரையும் விரல். அவள் இல்லையேல் இந்தப் புழுதிக்குச் சிறகில்லை.’ எழுதி முடித்து நானே இரண்டு முறை படித்து ரசித்து, உறையிலிட்டுக் கொடுத்தேன்.

நான்கு நாளில் திரும்பி வந்தாள். இம்முறை சுண்ணாம்புக் காலோடு உள்ளேயே வந்துவிட்டாள்.

“சிஸ்டர் படிச்சாங்க. ரெண்டு தடவ படிச்சாங்க. ‘ரொம்ப நல்லாருக்கும்மா, இதுல நீங்க என்ன வேலை பாத்தீங்கன்னு எங்க இருக்கு’ன்னு கேட்டாங்க.”

“அதான் எழுதியிருக்கேனே…”

“என்ன எழுதியிருக்க? நான் காத்தாம். நாடித்துடிப்பாம். காத்துக்கு யாருடி வேலை குடுப்பா?”

நான் பேனாவின் மூடியைத் திருகினேன்.

“ஆறு வருசமா யாரு சொல்லிக்குடுத்தா, அத எழுது. நான் செஞ்சத எழுது. நீ நெனச்சத எழுதாத.” கடிதத்தை மேசையில் வைத்தாள். “சிஸ்டரு இன்னும் ஒரு வாரம் பாப்பாங்களாம். வேற ஒரு பொண்ணும் கேட்டிருக்காம்.”

அவள் போன பிறகு தரையில் வெள்ளைக் காலடிகள். உள்ளே வந்தவை ஆறு, வெளியே போனவை ஆறு. என் கடிதத்தில் இல்லாத விவரம் அதில் இருந்தது.

முதல்வரிடம் போனேன். கல்லூரி முத்திரையோடு எழுதித் தரலாமா என்று கேட்டேன்.

“அவங்க அட்டெண்டர்தானேம்மா?”

“ஆமா சார். ஆனா சொல்லிக்குடுத்தது அவங்கதான்.”

“நாலு வருசமா யுனிவர்சிட்டிக்கு உங்க கையெழுத்துதானே போயிருக்கு? அப்ப அது என்னன்னு கேப்பாங்கள்ல?” கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கெட்டவரில்லை, களைத்தவர். “அடுத்த மாசம் பர்மனென்ட் போஸ்ட்டுக்கு உங்க இன்டர்வியூ வருது. நான் ஒண்ணும் சொல்லல. நீங்களே ரெண்டுல ஒண்ணு சொல்லுங்க. கோச் நீங்களா, அவங்களா?”

“யோசிச்சு சொல்றேன் சார்,” என்று வெளியே வந்தேன்.

அதில் யோசிக்க என்ன இருந்தது என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை. ஆனாலும் மூன்று நாள் யோசித்தேன்.

ஐந்து வரி

நான்காம் நாள் எழுத உட்கார்ந்தேன். வரவில்லை. ‘அவள்’ என்று தொடங்கினால் பேனா உடனே உவமைக்குப் போய் நின்றது. குப்பைக் கூடை நிறைந்தது. எத்தனையோ நிலாக்களை ஒரே இரவில் எழுதித் தள்ளியவளுக்கு, ஒருத்தி ஒரு வேலையைச் செய்தாள் என்று எழுத ஒரு மதியம் முழுக்கப் போயிற்று.

முடிவில் ஐந்து வரி வந்தது.

‘இக்கல்லூரியின் மகளிர் சாஃப்ட்பால் அணிக்கு ஆறு ஆண்டுகளாகப் பயிற்சி அளித்தவர் கொளஞ்சி. ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுத்தவர் அவர். பந்து வீசவும், அடிக்கவும், ஓடவும் கற்பித்தவர் அவர். அந்த ஆண்டுகளில் தலைமைப் பயிற்சியாளர்களாக முன்னாள் நூலகரின் பெயரும் அவருக்குப் பின் என் பெயரும் பதிவாகியுள்ளன. நாங்கள் இருவரும் பயிற்சி அளிக்கவில்லை.’

கடைசி வரியில் இன்னொருவரையும் இழுத்துவிட்டேனே என்று உறுத்தியது. பஸ் ஏறித் திருமழபாடிக்குப் போனேன். நூலகர் ஐயா கொள்ளிடக் கரையில் நடந்துவிட்டு அப்போதுதான் வந்திருந்தார். கண்ணாடியைத் தேடி எடுத்து, நின்றபடியே படித்தார்.

“மூணாவது வரியில ஒரு திருத்தம்,” என்றார்.

“சொல்லுங்க ஐயா.”

“ஓடவும்னு மட்டும் எழுதினாப் பத்தாது. சரியான பக்கம் ஓடவும்னு போடுங்க. தண்டபாணி கதைய எனக்கும் சொல்லியிருக்காங்க.” சிரித்துவிட்டு, திருத்தாமலே, என் கையெழுத்துக்குக் கீழே தன் கையெழுத்தையும் போட்டார். பழக்கதோஷத்தில் நேரத்தையும் குறித்தார்.

கல்லூரி முத்திரை இல்லாமல், இரண்டு கையெழுத்தோடு கடிதம் போயிற்று. ஒரு நகலைக் கல்லூரி அலுவலகத்திலும் கொடுத்தேன். பெரிய இடி விழும் என்று எதிர்பார்த்தேன். கிளார்க் அதைத் தலைகீழாக வாங்கி, படிக்காமல், ஏதோ கோப்பில் சொருகினார். அவ்வளவுதான் என் வீரம்.

நேர்காணல் நடந்தது. வேறொருவரைத் தேர்ந்தெடுத்தார்கள். அடுத்த ஆண்டுக்கான தற்காலிகப் பட்டியலிலும் என் பெயர் இல்லை. காரணம் யாரும் சொல்லவில்லை. அந்தக் கடிதம்தான் காரணம் என்று நினைத்துக்கொள்வதில் எனக்கு ஒரு சந்தோஷம் உண்டு. மற்றவர் என்னைவிட நன்றாகப் பாடம் நடத்துவார் என்பதும் ஊரறிந்தது.

மைதானத்தில் புதுக் கட்டடத்துக்குக் கடைக்கால் தோண்டினார்கள். மறுபடி கல் நத்தைகள் வந்தன. பலகையை மட்டும் யாரும் தொடவில்லை. நான்கு பெயர்களும் இன்னும் அங்கேயே இருக்கின்றன என்று போன வருடம்கூட ஒரு மாணவி சொன்னாள். எழுத்து மங்கவே இல்லையாம். கொளஞ்சி எழுதியது, மங்காது.

பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டு

சென்னையில் ஒரு பதிப்பகத்தில் பிழை திருத்தும் வேலை கிடைத்தது. புறப்பட்ட அன்று சாயங்காலம் பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டில் இரண்டு பைகளோடும் ஒரு புத்தக மூட்டையோடும் நின்றேன். மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, வறுக்கும் வாசனை, டீசல் புகை, யாரோ கொட்டிய தண்ணீரில் எழும்பிய மண் வாசனை.

கூட்டத்துக்குள்ளிருந்து கொளஞ்சி வந்தாள். ஸ்கூலிலிருந்து நேராக. சேலைக்குக் கீழே வெள்ளைக் கேன்வாஸ் ஷூ. கழுத்தில் விசில்.

“அதக் கழட்டலையா?” என்றேன்.

“மறந்துட்டேன்.” கழற்றவில்லை. “பஸ்ல கண்டக்டரு முறைக்கிறான், அவனுக்குப் போட்டின்னு.”

“கிரவுண்டு எப்படி?”

“சின்னதுதான். ஒரு பக்கம் மாதா சிலை வச்ச கெபி, ஒரு பக்கம் கிணறு. பந்து கிணத்துப் பக்கம் போனா ரெண்டு ரன்னுன்னு வச்சிட்டேன்.”

“விதிப்புத்தகத்துல அப்படி இருக்கா?”

“வெளிய எடுத்துட்டுப் போகக் கூடாதுன்னுட்டாங்களே, எனக்கெப்படித் தெரியும்?”

சிரித்தோம். எதிரே ஒரு பஸ் பின்னால் வர, ஒருவர் அதன் பின்பக்கத்தைத் தட்டித் தட்டி வழி சொல்லிக்கொண்டிருந்தார்.

“மேட்ச் முடிஞ்சதும் மூணு சுத்து?” என்று கேட்டேன்.

“ஓடுதுங்க. வலமாத்தான். எதுக்கு மிஸ்னு கேக்குதுங்க. கேள்வி கேக்காத, ஓடுன்னுட்டேன்.”

“அந்த லெட்டர் சிஸ்டர் படிச்சாங்களா?”

“ம். ஒரே தடவதான் படிச்சாங்க.” விசிலை விரலில் சுற்றினாள். “நீ எழுதுனதுலயே எனக்குப் புரிஞ்சது அது ஒண்ணுதான்டி.”

எத்தனையோ மேடைகளில் என் எழுத்தைப் பாராட்டியிருக்கிறார்கள். அன்று பஸ் ஸ்டாண்டில் நான் பைகளைத் தூக்கினேன். கண் மறைத்தது. புழுதி என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு பஸ் உறுமியது, படியில் யாரோ, “ஏறு, ஏறு” என்றார்கள். புத்தக மூட்டை முழங்காலில் இடிக்க, நான் அதை நோக்கி ஓடினேன்.

பின்னாலிருந்து விசில் ஒலித்தது. பஸ் ஸ்டாண்டே திரும்பிப் பார்த்தது.

“ஏ கவிதை! அது திருச்சி வண்டிடி! இந்தப் பக்கம் ஓடியா!”